யோர்பிஸ் கேட்காத ஆசி

1

இந்தக் கதை எனக்குத் தரை வழியாக வந்தது. முதலிலேயே சொல்லிவிடுகிறேன், வாசகரே, நான் இதைத் தேடிப் போகவில்லை. கட்டிலில் படுத்திருந்தேன். கீழ் வீட்டில் செருப்புச் சத்தம் கேட்டது. சமையலறையிலிருந்து முன்னறைக்கு, முன்னறையிலிருந்து சமையலறைக்கு. நடுவில் ஒரு நாற்காலி இழுபடும். தண்ணீர் வராது என்று தெரிந்தும் குழாய் ஒரு தடவை திறந்து மூடும். பிறகு மறுபடியும் செருப்பு.

"எர்மெலிந்தாக்கா இன்னும் தூங்கலை," என்றாள் என் மனைவி நெரெய்தா, இருட்டில்.

"நீங்களும்தான் தூங்கலை."

"நான் அவங்களை நினைச்சுத் தூங்கலை. நீங்க எதுக்கு முழிச்சிருக்கீங்க? கதை கிடைச்சுடுச்சாக்கும்."

கிடைத்துவிட்டதுதான். எங்கள் வலேரா நகரத்து வானொலியில் நான் பல வருடம் மாலைத் தொடர்கள் எழுதினேன். தாய்மார்கள் மயங்கி விழுவார்கள், பிரிந்தவர்கள் சேர்வார்கள், செத்தவன் கடைசி வாரத்தில் திரும்பி வருவான். நிலையம் மூடிக் கிடக்கிறது இப்போது. கைக்குப் பழக்கம் விடவில்லை. பழைய வசனத் தாள்களின் பின்பக்கத்தில் எழுதுகிறேன், புதுத் தாளுக்கு எங்கே போவது.

2

தொடக்கங்கள் மூன்று எழுதினேன். மறைக்காமல் காட்டுகிறேன்.

*வலேராவின் மலைகள் மேல் இரவு கவிழ்ந்தபோது, ஒரு தாயின் இதயம்* — இதயம் என்ன செய்தது என்று எழுதுவதற்குள் எனக்கே சலித்துவிட்டது. இதெல்லாம் ரேடியோவுக்குச் சரி. அங்கே பின்னணியில் வயலின் வந்து மானத்தைக் காப்பாற்றும்.

*அவளுக்குப் பயம்.* இது நன்றாகத்தான் இருந்தது. ஆனால் என்ன பயம் என்று நீங்கள் கேட்பீர்கள், அதைச் சொல்லத் தொடங்கினால் அடுத்த வரி நீண்டுகொண்டே போகிறது.

*எங்கள் கட்டடத்தில் முன்பெல்லாம் யாரும் நிம்மதியாக இருமக்கூட முடியாது.* இதை வைத்துக்கொள்கிறேன். இருமினால் பக்கத்து வீட்டிலிருந்து கஷாயம் வரும், மேல் வீட்டிலிருந்து கேலி வரும். இன்று பாதிக்கு மேல் பூட்டிக் கிடக்கிறது, பிழைப்புத் தேடி வெளிநாடு போய்விட்டார்கள். ஒரு குடும்பம் போகோட்டாவில், ஒன்று சாந்தியாகோவில், மாடி வீட்டுக்காரர்கள் மத்ரிதில். போகும்போது எல்லோரும் சாவியை நெரெய்தாவிடம் கொடுத்துவிட்டுப் போனார்கள். மின்சாரம் போன இரவில் ஃபிரிட்ஜ்கூட வாயை மூடிக்கொள்ளும். அப்போது ஒரு பெண் செருப்பு மாட்டிக்கொண்டு தன் வீட்டுக்குள் நடந்தால் கட்டடம் முழுக்க அவள் மட்டும்தான் இருப்பதுபோல் இருக்கும்.

3

கதாபாத்திரத்தில்தான் முதலில் சறுக்கினேன். நான் எழுதிய எர்மெலிந்தாவுக்கு வெள்ளை முடி. மடியில் ஜெபமாலை. கண்ணில் எப்போதும் ஈரம். நெரெய்தா படித்துவிட்டுச் சிரித்தாள்.

"யாரு இந்தம்மா? எனக்கு அறிமுகம் பண்ணி வைங்க. நம்ம கீழ் வீட்டுல இருக்கிறது தலைக்குச் செவப்புச் சாயம் அடிச்சுக்கிட்டு, நம்ம துணி அவங்க கொடியில சொட்டுச்சுன்னா தொடப்பக்கட்டையால கூரையை இடிக்கிற பொம்பளை."

உண்மைதான். அரசு மருத்துவமனைச் சலவைப் பிரிவில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவள். கணவன் இறந்து வெகுகாலம் ஆகிறது. ஒரே மகன், யோர்பிஸ். படியில் நம்மைப் பார்த்து வணக்கம் சொல்லாமல் போனால் விடமாட்டாள். "என்ன, ராத்திரி ஒரே கட்டில்லயா படுத்திருந்தோம்? கண்டுக்காமப் போறீங்க!" என்று நாலு பேர் கேட்கச் சொல்வாள். (எங்கள் மலைப்பக்கத்தில் எல்லோருக்கும் 'நீங்க'தான். மகனையும் அப்படித்தான் திட்டுவோம், நாயையும் அப்படித்தான் விரட்டுவோம்.)

இப்போது அந்தக் காலை. இதைத் தள்ளிப்போட்டுக்கொண்டே வந்தேன், இனி முடியாது.

எங்களில் பிள்ளைகள் அம்மாவைப் பார்த்தால் முதல் வார்த்தை 'ஆசி'தான். "ஆசி, அம்மா," என்பார்கள். அவள் "ஆண்டவர் ஆசீர்வதிக்கட்டும்," என்பாள். எழுந்ததும், வெளியே கிளம்பும்போது, போனை எடுத்ததும், படுக்கும் முன். மகனுக்குத் தாடி நரைத்தாலும் இது நிற்காது. கேட்பது பிள்ளையின் வேலை, கொடுப்பது தாயின் வேலை. சண்டைக்கு நடுவிலேயே ஆசி கேட்டு, வாங்கிக்கொண்டு, சண்டையைத் தொடர்ந்தவர்களை எனக்குத் தெரியும்.

யோர்பிஸ் வேலை தேடி லீமாவுக்குக் கிளம்பினான். வேறு வழி இல்லை என்று கட்டடத்துக்கே தெரியும், அவளுக்கும் தெரியும். வழியில் சாப்பிட ரொட்டி கொடுக்கலாம் என்று நானும் நெரெய்தாவும் பொட்டலத்தோடு படி இறங்கிக்கொண்டிருந்தோம். அவன் தோளில் பையோடு வாசலில் நின்றான்.

"ஆசி, அம்மா."

உள்ளேயிருந்து குரல் மட்டும் வந்தது. "விட்டுட்டுப் போறவருக்கு அம்மா எதுக்கு? போற ஊர்ல எவளாவது ஒரு அம்மா இருப்பா. அவகிட்டக் கேட்டுக்கோங்க."

"அம்மா, பஸ்ஸுக்கு நேரமாச்சு. ஆசி குடுங்க."

"அடுப்புல அரேபா கருகுது. போங்க."

அவன் எங்கள் பக்கம் திரும்பினான். எங்கள் கையிலிருந்து பொட்டலத்தை வாங்கிக்கொண்டான். நெரெய்தாவிடம் அவளுக்குரிய ஆசியைக் கேட்டான், சித்தி முறைக்கு. அவள் கொடுத்தாள். இறங்கிப் போய்விட்டான்.

[சோள ரொட்டியான அரேபா எதுவும் கருகவில்லை. அன்று கட்டடத்தில் யார் வீட்டிலும் கேஸ் இல்லை.]

4

அதன் பிறகு யோர்பிஸ் போன் பண்ணாமல் இல்லை. பண்ணுகிறான். தண்ணீர் வந்ததா என்று கேட்கிறான், முட்டிவலி எப்படி என்று கேட்கிறான். ஆசி மட்டும் கேட்பதில்லை. அவள் 'ஆண்டவர்' என்ற சொல்லை நாக்கு நுனியில் வைத்துக்கொண்டு கடைசி வரை காத்திருப்பாள். அவன் "சரிம்மா, வைக்கிறேன்," என்பான். அவ்வளவுதான்.

லீமாவில் அவனுக்கு ராத்திரியில்தான் வேலை. மோட்டார் பைக்கில் வீடு வீடாகச் சாப்பாடு கொண்டுபோய்க் கொடுக்கிறான். அங்கே மழை என்று பெய்வதில்லையாம், ஆனால் குளிர்காலத்தில் தெரு நனைந்தே கிடக்குமாம். இதை அவனே ஒருமுறை சிரித்துக்கொண்டு சொல்லித் தொலைத்தான். அன்றிலிருந்துதான் அவளுக்கு இந்த ராத்திரி நடை.

எங்கள் வீட்டில் காப்பி குடிக்கும்போது அவள் நெரெய்தாவிடம் சொன்னதை அப்படியே தருகிறேன். என் அலங்காரம் இதில் ஒன்றுமில்லை.

"பகல்ல ஒண்ணுமில்ல நெரெய்தா. பகல்ல என் மகன் வளர்ந்த ஆளு, எனக்கு மேல ஒசரம். ராத்திரியானா சின்னப் பிள்ளையா ஆயிடறாரு. ஈரத் தெருவுல தலைக்கு ஒண்ணும் போடாம பைக் ஓட்டுறாரு. நான் கட்டில்ல படுத்தா அவரு இன்னும் வேகமா ஓட்டுறாரு. எந்திரிச்சு நடந்தாத்தான் கொஞ்சம் மெதுவாப் போறாரு."

"போன் பண்ணி நீங்களே குடுத்துடுங்களேன் அக்கா."

"கேக்காமக் குடுக்கிறதா? சாப்பாட்டை விட்டு எந்திரிச்சுப் போனவர் தட்டுல சூப்பு ஊத்துற மாதிரி. யாரு குடிப்பா?"

"அவரு கேட்டாரே. ரெண்டு தடவை கேட்டாரே. நீங்கதான..."

"எனக்குத் தெரியும். காப்பியைக் குடிங்க."

இந்த இடத்தில் கட்டுரை எழுதுகிறவன்போல நான் ஏதாவது சொல்ல வேண்டும். இரவு நேரத்துப் பயத்தைப் பற்றி மருத்துவர்கள் சொல்வது, மூச்சை இழுத்து விடுவது, வெந்நீரில் கால் வைப்பது... எழுதிப் பார்த்தேன். அவளுக்கு அதெல்லாம் ஆகாது. அவள் பயம் தெளிவான பயம். அவன் ஆசி இல்லாமல் உலகத்தில் நடமாடுகிறான், அதைக் கொடுக்காமல் அனுப்பியவள் அவள். அவனுக்கு ஒன்று ஆகிவிட்டால் அந்தக் காலையைத் திருப்பி எடுக்க முடியாது. இதைப் பகலில் யாரிடமாவது சொல்லிச் சிரித்துவிடலாம். இரவில் அவள் வீட்டில் சொல்வதற்கு யாரும் இல்லை.  

5

அடுத்து வருவதை நான் கற்பனை செய்யவில்லை. என் கற்பனையில் உதித்திருந்தால் வெட்கப்பட்டுக் கோடு போட்டு அடித்திருப்பேன். ரேடியோ வாசனை அவ்வளவு அடிக்கிறது.

மின்சாரம் இல்லாத ஒரு ராத்திரி. கீழே போன் அடித்தது. வெளிநாட்டு எண். அவள் எடுத்தாள். "அலோ" என்றுகூடச் சொல்லியிருக்கமாட்டாள். பிறகு அவள் குரல், கட்டடமே கேட்கும்படி:

"ஆண்டவர் உங்கள ஆசீர்வதிக்கட்டும் மகனே! மாதா வழித்துணையா வரட்டும், உங்க மேல ஒரு தூசு படாம, என் தங்கமே, என் ராசா..."

நெரெய்தா எழுந்து உட்கார்ந்து என் கையைப் பிடித்தாள். "குடுத்துட்டாங்க! அவரு கேட்டுட்டாரு!" நாங்கள் இருட்டில் சிரித்தோம். நெரெய்தா அழுதாள் என்றும் நினைக்கிறேன். பிறகு கீழே குரல் இறங்கியது.

"...யாரு? ...இல்ல தம்பி. இது எல்விரா வீடு இல்ல."

மீதியை மறுநாள் அவளே வந்து சொன்னாள். கெய்பர் என்று ஒரு பையன். போனை வழியில் திருடிவிட்டார்கள். யாரிடமோ கடன் வாங்கின போனில் அம்மா நம்பரை ஞாபகத்திலிருந்து போட்டிருக்கிறான், ஒரு இலக்கம் தப்பிவிட்டது. எடுத்ததும் "ஆசி, அம்மா," என்றிருக்கிறான். யோர்பிஸ் குரல் இல்லை என்று காது சொல்வதற்குள் வாய் கொடுத்துவிட்டது. எங்கள் ஊர்த் தாய் யாராக இருந்தாலும் அப்படித்தான் ஆகியிருக்கும்.

"மன்னிச்சுக்கோங்கம்மா. நம்பர் மாறிப் போச்சு," என்றானாம் பையன்.

"அதைத் திருப்பிக் குடுங்க," என்றிருக்கிறாள் இவள்.

"எதை?"

"இப்ப வாங்கினீங்களே, அதை. அது உங்களோடது இல்ல. என் மகனுக்கு வச்சிருந்தது."

 பின்னால் நிறையப் பேர் குரல், ஒரு குழந்தை அழுகிற சத்தம். பிறகு பையன் சொன்னான்: "எப்படித் திருப்பிக் குடுக்கிறதுன்னு எனக்குத் தெரியலம்மா. விடிஞ்சா நாங்க எல்லையைத் தாண்டணும். எனக்கும் அது வேணும்."

"அதுக்கு நான் என்ன சொல்றது?" என்று நெரெய்தாவைக் கேட்டாள் எர்மெலிந்தா. காப்பிக் கோப்பையை அவள் தொடவே இல்லை. "வச்சுக்கோங்க, பத்திரமாப் போங்கன்னு சொன்னேன். உங்க அம்மாவுக்கு ஒழுங்கா நம்பர் போட்டுக் கூப்பிடுங்கன்னும் சொன்னேன்."

"நல்லதுதானேக்கா செஞ்சீங்க."

"யாரோ பெத்த பிள்ளைக்கு நிறையக் குடுத்தேன் நெரெய்தா. வாசல்ல நின்னு ரெண்டு தடவை கேட்ட பிள்ளைக்கு ஒண்ணும் குடுக்கல."

"ஆசி என்ன, தீர்ந்துபோற சாமானா?"

"தீராதுன்னு எனக்குத் தெரியாதா? ராத்திரியில அது மறந்து போயிடுது."

அன்று முதல் செருப்புச் சத்தம் விடியும் வரை நிற்கவில்லை.

6

முடிவுகள்.

(அ) போன் அடிக்கிறது. யோர்பிஸ். "அம்மா, என் மேல தப்பு, ஆசி குடுங்க." வயலின். நெரெய்தா படித்துவிட்டுத் தாளை என் மேலேயே போட்டாள். "அவரு பிடிவாதம் எங்கருந்து வந்துச்சு? அவங்க அம்மாகிட்டருந்துதான. ரெண்டு தடவை கேட்டு இல்லைன்னு வாங்கினவரு மூணாவது தடவை கேப்பாரா? நீங்க கேப்பீங்களா?"

நான் கேட்கமாட்டேன்.

(ஆ) *லீமாவின் ஈரத் தெருவொன்றில், திருப்பத்தில், ஒரு மோட்டார் பைக்* —

நெரெய்தா இதை முடிக்க விடவில்லை. "எழுதாதீங்க. எழுதின கையோட கட்டில்ல வந்து படுக்காதீங்க," என்றாள். எங்கள் தொழிலில் எல்லோருக்கும் இந்த முடிவின் மேல்தான் ஆசை. கதை சட்டென்று முடிந்துவிடும், எழுதியவன் கை கழுவிக்கொள்ளலாம். யோர்பிஸ் உயிரோடு இருக்கிறான், வாசகரே. பயப்பட வேண்டாம். அவன் உயிரோடு இருப்பதுதான் இங்கே சிக்கலே. இன்னும் கேட்கலாம், இன்னும் கொடுக்கலாம், இருவரும் செய்யவில்லை.

(இ) அவளே போன் பண்ணிக் கேட்காமலே கொடுத்துவிடுகிறாள். எனக்குப் பிடித்த முடிவு. எழுதிக்கொண்டிருக்கும்போதே அது கீழே நடந்துவிட்டது, ஆனால் நான் எழுதியபடி நடக்கவில்லை. அந்தத் தப்பான அழைப்புக்குப் பிறகு அவள் போனின் ஒலிபெருக்கி எப்போதும் திறந்தே இருக்கும், குரல் யாருடையது என்று தெளிவாகக் கேட்க. நாங்கள் எல்லாம் கேட்டோம்.

"அம்மா? என்னாச்சு? இந்நேரத்துல?" பின்னால் வண்டிகளின் இரைச்சல்.

"ஒண்ணுமில்ல."

"ஒண்ணுமில்லைன்னா?"

"தண்ணி வந்துச்சு. சொல்லலாம்னு."

"இதைச் சொல்லவா கூப்பிட்டீங்க?"

"ஆமா."

பிறகு வண்டிகளின் இரைச்சல் மட்டும் கேட்டது. இங்கே நெரெய்தா மூச்சைப் பிடித்துக்கொண்டாள். அவனும் போனை வைக்கவில்லை என்பதைக் கவனியுங்கள். அவனுக்கும் அந்தச் சொல் தொண்டையில் இருந்தது என்று நான் சத்தியம் பண்ணுவேன்.

"சரிம்மா," என்றான் கடைசியில். "ஆர்டர் வந்திருக்கு."

அன்று தண்ணீர் வரவில்லை. பிறகு குழாய் திறந்து மூடுகிற சத்தம் கேட்டது.

7

இந்த இடத்தில் கதையை நிறுத்திவிட்டு, முடிவில்லாத கதைகளின் அழகைப் பற்றி ஒரு பத்தி எழுதுவதாக இருந்தேன். கதவு தட்டப்பட்டது.

எர்மெலிந்தா கையில் மெழுகுவத்தியோடு நின்றாள். செருப்பு, இரவு உடை, அதன் மேல் செத்துப்போன கணவனின் ஸ்வெட்டர். சாயம் போட்ட முடி வேரில் வெளுத்திருந்தது.

"கதைக்கார்ரே, என்னைய எழுதுறீங்களாமே."

நான் நெரெய்தாவைப் பார்த்தேன். அவள் தலையை ஆட்டினாள், நான் சொல்லவில்லை என்று.

"அவங்களைப் பாக்காதீங்க. நான் நடக்கிறது உங்களுக்குக் கேக்குதுன்னா, நீங்க சத்தம் போட்டுப் படிச்சுப் படிச்சு எழுதுறது எனக்குக் கேக்காதா? நான் என்ன, தொடப்பக்கட்டையா? என் தலைச் சாயத்தை எல்லாம் எதுக்கு எழுதுறீங்க?"

"கோடு போட்டு அடிச்சுடறேன் அக்கா."

"இருக்கட்டும். விடுங்க." எங்கள் சமையலறை நாற்காலியில் உட்கார்ந்தாள். மெழுகுவத்தியை மேசையில் நிறுத்தினாள். "உங்க கதையில அவரு கேட்டாரா?"

"இன்னும் கேக்கலை."

"கேக்க வைங்க. ரேடியோல செத்தவங்களையே எழுப்பிக் கல்யாணம் பண்ணி வச்சீங்க. ஒரு சொல்லைக் கேக்க வைக்க முடியாதா? நீங்க எழுதி வாசிங்க. பதிலை நான் சொல்லிக்கிறேன்."

"அது யோர்பிஸுக்குப் போய்ச் சேருமா அக்கா?" என்று நெரெய்தா மெல்லக் கேட்டாள்.

"தெரியல. என் நெஞ்சுல கெடக்கிறது எறங்கிடும்ல. நான் தூங்கணும் நெரெய்தா. ஒரே ஒரு ராத்திரி தூங்கணும். அப்புறமா ஒருவேளை எனக்கே போன் பண்ணத் தைரியம் வரும்."

நான் எழுதினேன். அவள் கண் முன்னாலேயே, பழைய வசனத் தாளின் பின்பக்கத்தில். எழுதியதை வாசித்தேன்:

*யோர்பிஸ் பைக்கை ஓரமாக நிறுத்தினான். தலைக்கவசத்தைக் கழற்றினான். போனை எடுத்து அந்த எண்ணை அழுத்தினான். வலேராவில் மணி அடித்தது. அவள் எடுத்தாள். அவன் சொன்னான்:*

"ஆசி, அம்மா," என்று வாசித்தேன்.

அவள் வாய் திறந்தது. மூடிக்கொண்டது.

"இல்ல," என்றாள். "இது நீங்க. மேல் வீட்டுக்காரரு கேக்குறாரு. வர மாட்டேங்குது."

குரலை இளமையாக்கிப் பார்த்தேன். தொடர்களில் இளைஞன் வேஷத்துக்கு ஆள் வராத நாளில் நானே பேசியிருக்கிறேன். அவளுக்குச் சிரிப்புதான் வந்தது, கண் துடைத்துக்கொண்டு சிரித்தாள். நெரெய்தா முயன்றாள். அதுவும் தெரிந்த குரல். இந்தக் கட்டடத்தில் அவளுக்குத் தெரியாத குரல் என்று ஒன்று மிச்சம் இல்லை. மற்ற குரல்கள் எல்லாம் போய்விட்டன.

அதனால், வாசகரே, உங்களிடம் வருகிறேன். முடிவை வாசகர் கையில் கொடுப்பது எழுத்தாளர்களின் சோம்பேறித்தனம் என்று நினைத்திருந்தேன். இப்போது அப்படி இல்லை, வேறு ஆள் இல்லாமல்தான் கேட்கிறேன். உங்கள் குரலை அவள் கேட்டதில்லை. தெரியாத ஒரு குரலுக்குத்தான் அவள் வாய் முன்பு தானாகத் திறந்தது. நீங்கள் கேட்டால் அது உங்கள் மேல்தான் விழும், யோர்பிஸ் மேல் அல்ல. அது அவளுக்கும் தெரியும். தெரிந்துதான் உட்கார்ந்திருக்கிறாள்.

அவள் கண்ணை மூடிக்கொண்டிருக்கிறாள். கைகள் மடியில். நெரெய்தா மெழுகுவத்தியை ஊதி அணைத்துவிட்டாள், நாங்கள் யார் முகமும் குறுக்கே வரக் கூடாது என்று. கடைசி வரியை மறுபடி எழுதி, யோர்பிஸ் கேட்க வேண்டிய அந்தச் சொல்லுக்கு இடம் விட்டிருக்கிறேன். மனசுக்குள் சொன்னால் போதாது, வாய்விட்டுச் சொல்ல வேண்டும். சத்தமாக வேண்டாம். இங்கே அவ்வளவு அமைதி, மெதுவாகச் சொன்னாலே கேட்கும்.

*அவள் எடுத்தாள். அவன் சொன்னான்:*

"                                        "